செல்லக்கனி மயக்கத்தில் போன இடம்

மயிலப்பொத்தை தாலுகா ஆஸ்பத்திரியில் ஆபரேஷனுக்காக யாரை மயங்கவைத்தாலும், உடம்பு உள்ளே மேஜையில் படுத்திருக்கும், ஆள் எழுந்து வெளியே நடந்து வந்துவிடுவார். ஆறு வருசமாக அங்கே இப்படித்தான் நடக்கிறது, ஆடிக்குக் காற்றும் ஐப்பசிக்கு மழையும் வருகிற மாதிரி நடக்கிறது, அதனால் அதைக் கண்டு வாயைப் பிளந்து நிற்க அந்த ஊரில் யாருக்கும் நேரம் கிடையாது.

முதலில் அப்படி வந்தவர் தேங்காய் வியாபாரி சங்கரலிங்கம். வயிற்றில் கட்டி என்று உள்ளே கொண்டுபோய் அரை மணி நேரம் ஆகவில்லை, ஆஸ்பத்திரி கேட்டைத் தாண்டி, பச்சை அங்கி மாட்டி, அந்த அங்கிக்குப் பின்பக்கத்து நாடா எல்லாம் அவிழ்ந்து காற்றாடக் கிடக்க, நேரே எதிர்த்தாற்போல் இருக்கிற டீக்கடைக்கு வந்து, ரெண்டு உளுந்தவடை கேட்டார். கடைக்காரி செல்லக்கனி வடை தட்டுகிற கையை நிறுத்தவில்லை. பின்னால் திரும்பி, கிளாஸ் கழுவிக்கொண்டிருந்த தன் புருசன் தங்கப்பாண்டியிடம், "ஏங்க, அண்ணாச்சிக்குப் பின்னால ஒரு துண்டக் கட்டிவிடுங்க மொதல்ல, வடைய பொறவு திங்கட்டும்" என்றாள். தங்கப்பாண்டி கட்டிவிட்டான். சங்கரலிங்கம் ஒரு வடையைத் தின்றார், ரெண்டாவது வடையைக் கடித்தார், கடித்த இடத்திலேயே வெயிலில் வைத்த கற்பூரம் மாதிரிக் கரைந்துபோனார், வடை மட்டும் பெஞ்சில் விழுந்தது. உள்ளே அந்த நேரம்தான் மருந்தை நிறுத்தி, "சங்கரலிங்கம், கண்ணத் தொறங்க" என்று கூப்பிட்டிருக்கிறார்கள்.

அன்றிலிருந்து கடைத் தூணில் ஒரு ஆணி, ஆணியில் ஒரு துண்டு. மயக்கத்தில் வருகிறவர்களின் பின்பக்கத்து மானத்தைக் காப்பாற்றுவது தங்கப்பாண்டியின் வேலை என்று ஊரில் முடிவாகிவிட்டது, அவனும் அதைக் கோயில் கைங்கரியம் மாதிரிச் செய்துவந்தான்.

ஊர் பழகிக்கொண்டது. மயங்கின ஆள் ரோட்டில் வந்தால் பஸ்சை நிறுத்தி வழி விடுவார்கள். கையைப் பிடித்து இழுக்க மாட்டார்கள், எங்கே போகிறீர்கள் என்று கேட்க மாட்டார்கள், ஏனென்றால் அவர்களுக்கே தெரியாது, மனசில் எந்த இடம் அடியாழத்தில் கிடக்கிறதோ அந்த இடத்துக்குக் கால் தானாகப் போகும். ரிட்டையர்டு ஏட்டையா ஒருத்தர், மீசையைப் பார்த்தாலே பயம் வரும், நேரே பள்ளிக்கூடத்துக்குப் போய் ஊஞ்சலில் ஆடினார். தண்டுவடத்தில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரத்துப்போகவைத்தவர்களுக்கு அந்தக் கீழ்ப்பாதி மட்டும் நடந்து வந்தது. மேல்பாதி உள்ளே முழித்துக்கொண்டு நர்சிடம் பேசிக்கொண்டிருக்கும், கால் ரெண்டும் மெட்டி குலுங்கக் கடைத்தெருவில் போகும். பிள்ளைப்பேற்றுக்கு வந்த பெண்களின் கால்கள் எல்லாம் அநேகமாக அம்மா வீட்டுக்குத்தான் போயின, அம்மாக்காரி வாசலில் செம்புத் தண்ணீரோடு நின்று, கழுவி மஞ்சள் பூசி அனுப்பிவைப்பாள். குழாய் விட்டு வயிற்றைப் பார்க்க லேசாக மயக்கம் கொடுத்தவர்களோ கண்ணாடிப் பேப்பர் மாதிரி வருவார்கள், அவர்களுக்கு ஊடாகப் பார்த்து எதிர்ச்சுவரில் ஒட்டின போஸ்டரைப் படிக்கலாம், ஆஸ்பத்திரி கேட் வரைக்கும் வந்து யோசித்துவிட்டுத் திரும்பிவிடுவார்கள். பல்லுக்கு ஊசி போட்டவர்களுக்கு ஒன்றும் வரவில்லை. "அரைக் கன்னம் தனியா வந்து என்னத்தச் செய்யப்போவுது" என்று செல்லக்கனி சொன்னாள், அதுவும் சரிதானே.

எல்லாம் நல்லபடியாகப் போயிற்று என்று சொல்ல முடியாது. பத்திரம் எழுதுகிற ஆவுடையப்பன், மூல ஆபரேஷன் அன்றைக்கு வடக்குத்தெருவில் ஒரு வீட்டு வாசலில் போய் நின்று பூப்போலச் சிரித்தார், அதிலிருந்து ஒரு வருசம் அவர் வீட்டுக் குழம்பில் உப்பே இல்லை. அதற்குப் பிறகு ஊர் கூடி ஒரு கட்டுப்பாடு வைத்தது. மயங்கினவர் எங்கே போனார் என்று பார்த்தவர்கள் வாயைத் திறக்கக் கூடாது, போன ஆளே முழித்த பிறகு கேட்டால், வீட்டு ஆள் மட்டும் சொல்லலாம். அநேகம் பேர் கேட்கவே மாட்டார்கள்.

இவ்வளவையும் ஊரில் பார்க்காத ஒரே ஆள், மயங்கவைக்கிற டாக்டரம்மா மெகருன்னிசாதான். மற்றவர்கள் வெளியே உலாத்துகிற நேரமெல்லாம், அந்த அம்மா உள்ளே அவர்கள் தலைமாட்டில் ஒரு முக்காலியில் உட்கார்ந்து மூச்சைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள், மேஜையில் ஆள் கிடக்கிறவரைக்கும் அந்த இடத்தைவிட்டு அசைய மாட்டார்கள். ஊரார் கதை கதையாகச் சொன்னாலும் சிரித்துக்கொண்டே, "என் ஆளு என் கண்ணு முன்னாலதான படுத்திருக்காக" என்பார்கள். அறுத்த டாக்டருக்கு மாலையும் பழத்தட்டும் வரும். தூங்கவைத்த டாக்டரின் முகம்கூட யாருக்கும் ஞாபகம் இருக்காது, மறக்கவைப்பதுதானே அவர்கள் வைத்தியம்.

இப்படி இருக்கும்போது, வருகிறவர்களுக்கெல்லாம் வடை போட்ட செல்லக்கனிக்கே பித்தப்பையில் கல் வந்துவிட்டது.

ரெண்டு வருசம் அவள் அதை வாயு என்றாள், சுக்கு குடித்தாள், எண்ணெய்ப் பண்டத்தை நிறுத்தினாள். தன் கையால் சுட்ட வடையை ரெண்டு வருசமாக அவள் வாயில் வைக்கவில்லை. வலி வந்தால் வலது விலாவைப் பிடித்துக்கொண்டு அடுப்படியில் அப்படியே குந்திவிடுவாள், தங்கப்பாண்டி கழுவின கிளாசும் கையுமாகப் பக்கத்தில் நிற்பான். அவனுக்கு வேறு என்ன செய்யத் தெரியும். கடையில் டீ ஆற்றுவதும் வடை சுடுவதும் அதட்டுவதும் அவள், கிளாஸ் கழுவுவதும் துண்டு கட்டுவதும் அவன், முப்பது வருசக் குடித்தனம் அப்படியே ஓடிவிட்டது, பிள்ளைகளையும் கட்டிக்கொடுத்தாயிற்று.

ஒருநாள் கல் குழாய்க்குள் நகர்ந்து கண் மஞ்சளாகிவிட்டது. பெரிய டாக்டர் ஜில்லா ஆஸ்பத்திரிக்கு அனுப்பி, குழாய் விட்டு அந்தக் கல்லை எடுக்கவைத்துவிட்டு, "பையில இன்னும் கல்லு கெடக்கு, பையையே எடுத்துரணும், தள்ளிப்போட்டா உசுருக்கு ஆபத்து" என்று சொல்லி, மெகருன்னிசாவிடம் அனுப்பினார். புருசனும் பெண்டாட்டியுமாகப் போய் நின்றார்கள்.

டாக்டரம்மா ஒவ்வொன்றாகக் கேட்டார்கள். ஆடுற பல்லு இருக்கா, கட்டுன பல்லு இருக்கா, மூச்சிரைப்பு உண்டா, எந்த மருந்தாவது ஒத்துக்காமப் போயிருக்கா. கொறட்டை உண்டா என்றதும் செல்லக்கனி இல்லை என்றாள், தங்கப்பாண்டி உண்டு என்றான்.

"இவரு கெடக்காரு டாக்டரம்மா. முப்பது வருசத்துல இன்னைக்குத்தான் என்னை எதுத்துப் பேசுதாரு, அதுவும் பொய்."

"கொறட்டை இருந்தா நான் ஒரு கண்ணு கூடுதலா வச்சிப் பாப்பேன், அதுக்குத்தான் கேக்கேன். ராத்திரி பத்துமணிக்கு மேல சோறு தண்ணி வேண்டாம். வயித்துல எதும் கெடந்தா, மயங்குன நேரத்துல மேல வந்து மூச்சுக்கொழாய்க்குள்ள போயிரும். வெளிய வந்து தின்னா ஒண்ணும் செய்யல, அப்போ உள்ள போவும்போது தின்னா மட்டும் என்னன்னு ஒருத்தரு நாலு இட்லியைத் தின்னுட்டு வந்தாரு பாருங்க, அப்படியே திருப்பி அனுப்பிட்டேன்."

"மயக்கம்னா தூக்கந்தானே டாக்டரம்மா?"

"தூக்கத்துல கொசு கடிச்சா முழிச்சிருவீங்கல்லா. இது அப்படி இல்ல. கையில வெள்ளையா பால் மாதிரி ஒரு மருந்து ஏத்துவேன், கை லேசா எரியும், பத்து எண்ணி முடிக்கதுக்குள்ள ஆளு இல்ல. வலி தெரியாம இருக்க ஒண்ணு, சதை எளகிக் குடுக்க ஒண்ணு. சதை எளகுனா நெஞ்சும் மூச்சு விட மறந்திரும், அதனால தொண்டையில ஒரு கொழாய் வச்சு, உங்க மூச்ச நான் விடுவேன். காத்தோட கலந்து மருந்து போய்க்கிட்டே இருக்கும், நிறுத்தினா முழிப்பு வந்திரும். அதுவரைக்கும் உங்க தலைமாட்டவிட்டு நான் நகர மாட்டேன்."

எல்லாவற்றுக்கும் தலையாட்டிக் கேட்ட செல்லக்கனி, முடிவில், "எனக்கு வேண்டாம் டாக்டரம்மா, வலிச்சா வலிச்சுட்டுப் போவுது" என்று எழுந்துவிட்டாள். "கத்திக்கோ ஊசிக்கோ பயமில்ல. அங்க படுத்தா நான் எந்திரிச்சு எங்க போவேன்னு எனக்கே தெரியலையே."

தங்கப்பாண்டிக்கும் அந்தப் பயம்தான், அவளுக்கு முன்னாலிருந்தே அந்தப் பயம்தான். கடைத்தெருவில் தையல் கடை வைத்திருக்கிற வேலாயுதம் செல்லக்கனிக்கு அத்தை மகன், அவனுக்கென்று சின்னதிலேயே பேசிவைத்த பெண் அவள். தையல் பழகி முடித்ததும் கல்யாணம் என்று சொன்னான், முடிக்கிறான் முடிக்கிறான் என்று ரெண்டு வருசம் பார்த்துவிட்டு, அவளுடைய அப்பா அவளைத் தங்கப்பாண்டிக்குக் கொடுத்துவிட்டார். அதைப் பற்றி முப்பது வருசத்தில் வீட்டில் ஒரு பேச்சு கிடையாது. பேசாததுதான் மனசின் அடியில் கிடக்கும் என்று, வருகிறவர் போகிறவரை எல்லாம் பார்த்துப் பார்த்துத் தங்கப்பாண்டி தெரிந்துவைத்திருந்தான். அவள் வேலாயுதம் கடைக்குப் போவாளோ என்பதுகூட அவ்வளவாக இல்லை. இத்தனை வருசத்தில் ஒருத்தி வந்து சேர்கிற ஒரு இடமாகத் தான் ஆகியிருக்கிறோமா, இல்லை கிளாஸ் கழுவுகிற ஆளாகவே நின்றுவிட்டோமா என்பதுதான் அவனை அரித்தது.

அன்று மத்தியானம் கடையில் கூட்டம் இல்லை. அவள் விலாவைப் பிடித்துக்கொண்டு குந்தியிருந்தாள். அவன் கையைத் துடைத்துவிட்டு எதிரே வந்து குந்தினான்.

"கனி."

"என்ன."

"போற எடத்துக்குப் பயந்து யாராவது உசுர விடுவாகளா?"

"அது ஆம்பளைகளுக்குச் சொல்லுதது லேசு. நாளைக்கு ஊர்ல உங்க மொகத்துல எவனாவது சிரிச்சான்னா?"

"சிரிக்கட்டும். நீ எங்க வேணா போ. எந்த வாசல்ல போய் நின்னாலும் சரி, பின்னாலயே துண்டோட வாரேன். திரும்பி வந்தாப் போதும் எனக்கு."

அவள் அவன் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்து, "கொறட்டை உண்டும்னு சொன்னீகளே, அதுக்கு இருக்கு உங்களுக்கு" என்றாள். சம்மதித்துவிட்டாள் என்று அதற்கு அர்த்தம்.

புதன்கிழமை காலையில் ஆபரேஷன். மூக்குத்தியைக் கழற்றி வாங்கிக்கொண்டார்கள், தாலிச் செயினைக் கழற்றிவிட்டு மஞ்சள் கயிற்றை மட்டும் தோளோடு சேர்த்து ஒட்டிவிட்டார்கள், விரல் நுனியில் கிளிப்பு மாட்டினார்கள். கையில் பால் மாதிரி மருந்து ஏறும்போது டாக்டரம்மா எண்ணச் சொன்னார்கள். அவள் ஏழுக்குமேல் எண்ணவில்லை.

வெளியே ஊரே கூடியிருந்தது, ஆனால் கூடினதாக யாரும் காட்டிக்கொள்ளவில்லை. ஒருத்தர் ஒரே கீரைக்கட்டை நாலு தடவை பேரம் பேசினார். ஒருத்தர் பூட்டின கடையைத் திறந்து திறந்து பூட்டினார். வேலாயுதத்தின் பெண்டாட்டி பிரேமா, தையல் கடை வாசலில் ஒரு நாற்காலியைப் போட்டு, கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். வேலாயுதம் உள்ளே ஊசியில் நூல் கோக்க முடியாமல் கோத்துக்கொண்டிருந்தான்.

செல்லக்கனி வந்தாள். பச்சை அங்கி, தலையில் பச்சைத் தொப்பி, மூக்குத்தி இல்லாத மூக்கு, வெறுங்கால். கேட்டைத் தாண்டி ரோட்டுக்கு வந்தவள் எதிரே இருந்த தன் கடையை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. தங்கப்பாண்டி ஆணியிலிருந்த துண்டை எடுத்துக்கொண்டு ஓடினான், ஊரில் எத்தனையோ பேருக்குக் கட்டின கை, அன்றைக்கு முடிச்சு ரெண்டு தடவை நழுவியது. கட்டி முடித்தான். அவள் அவன் முகத்தைப் பார்க்காமல் கடைத்தெருவில் நடந்தாள். அவன் பின்னால் போனான். அவனுக்குப் பின்னால் கீரைக்கட்டு போயிற்று, பூட்டும் சாவியும் போயிற்று, நிறுத்தின பஸ்சிலிருந்து இறங்கினவர்கள் எல்லாம் போனார்கள், தேர் போகிற மாதிரி ஊர் சத்தமில்லாமல் போயிற்று. அம்மன் கோயிலைத் தாண்டினாள், நிற்கவில்லை. அவள் பிறந்த தெருவின் முக்கு வந்தது, திரும்பவில்லை. தையல் கடை வந்தது. நின்றாள்.

பின்னால் வந்த தங்கப்பாண்டியும் நின்றான். பிரேமா நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டாள்.

செல்லக்கனி உள்ளே எட்டிப்பார்த்து, "அத்தான், பொங்கலுக்குக் குடுத்த ஜாக்கெட்டு. தச்சாச்சா?" என்றாள்.

வேலாயுதத்தின் வாயிலிருந்து, பழக்கத்தில், "வெள்ளிக்கிழமை தந்துருதேன்" என்று வந்தது.

"எந்த வெள்ளிக்கிழமை?"

அப்புறம் பிரேமா சிரித்தாள் பாருங்கள், நாற்காலியைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வழியச் சிரித்தாள், அவளைப் பார்த்து ஊர் சிரித்தது. "குடுங்க, அவ நிக்கும்போதே ஊக்கு வச்சுக் குடுங்க, இல்லன்னா ஒங்களுக்கு இன்னைக்குச் சோறு கெடையாது" என்று அவள் புருசனை விரட்டினாள். உள்ளே ஆஸ்பத்திரியில் பெரிய டாக்டர் பித்தப்பையை அறுத்து எடுக்க, மெகருன்னிசா மூச்சை அளந்து அளந்து விட, வெளியே வேலாயுதம் வேர்த்து விறுவிறுத்து ஐந்து ஊக்கு தைத்தான், வாழ்க்கையில் அவன் கேட்ட நேரத்துக்கு முடித்துக்கொடுத்த ஒரே ஜாக்கெட் அதுதான். செல்லக்கனி வாங்கி, தையலை இழுத்துப் பார்த்து, கக்கத்தில் இடுக்கிக்கொண்டு திரும்பினாள்.

திரும்பி வந்த வழியே நடந்தாள். பிறந்த தெருவைத் தாண்டி, கோயிலைத் தாண்டி, ஆஸ்பத்திரி கேட்டையும் தாண்டி, எதிரே இருந்த டீக்கடைக்குள் ஏறினாள். அடுப்படிக்குப் போகவில்லை. மயக்கத்தில் வருகிறவர்கள் உட்காருகிற பெஞ்சு ஒன்று உண்டே, கடை திறந்த நாளிலிருந்து ஒருநாள்கூட அவள் உட்காராத பெஞ்சு, அதில் போய்க் காலை நீட்டி உட்கார்ந்து, "ஏங்க, ஒரு டீ" என்றாள்.

தங்கப்பாண்டி நின்ற இடத்தில் நின்றான். யாரோ, "வே, பாய்லர் அந்தப் பக்கம் இருக்கு" என்று முதுகில் தள்ளிவிட்டார்கள். போனான். டீப்பையில் வெந்நீரை ஊற்றினான், பாதி கையில் பட்டது. பாலை ஊற்றினான், சீனியை எத்தனை கரண்டி போட்டான் என்று அவனுக்கே தெரியாது, தூக்கி ஆற்றப்போய்த் தோளில் கொட்டிக்கொண்டான். மிச்சம் இருந்ததைக் கொண்டுவந்து கொடுத்தான். முந்தின நாள் அவள் சுட்டு மூடிவைத்த பாத்திரத்திலிருந்து ஒரு வடையும் கொண்டுவந்து வைத்தான். அவள் வடையைப் பிட்டு, கண்ணை மூடித் தின்றாள். டீயை உறிஞ்சினாள்.

"பாகு காய்ச்சினீகளா?"

"சீனி கொஞ்சம் தூக்கலாயிட்டு."

"டீன்னு ஒரு மணம்கூட இல்ல." முழுக் கிளாசையும் குடித்து முடித்தாள். கிளாசை நீட்டினாள். "இன்னொண்ணு போடுங்க."

அவன் பாய்லருக்குத் திரும்பின நேரம், ஊரார், "ஆ" என்று மெதுவாகச் சொன்னார்கள். பார்த்தான். பெஞ்சில் ஒரு ஜாக்கெட்டும், துண்டும், பாதி வடையும் கிடந்தன.

உள்ளே, "செல்லக்கனி, கண்ணத் தொறங்க, எல்லாம் முடிஞ்சிட்டு" என்று டாக்டரம்மா கன்னத்தைத் தட்டினார்கள். குளிரில் உடம்பு தூக்கித் தூக்கிப் போட்டது, கம்பளி போர்த்தினார்கள். தொண்டை கரகரத்தது. அவள் நாக்கைச் சப்புக்கொட்டி, "வாயெல்லாம் இனிக்கே டாக்டரம்மா" என்றாள்.

"மருந்து அப்படி இனிக்காதே" என்றார்கள் மெகருன்னிசா.

ரெண்டு நாள் அவள் ஒன்றும் கேட்கவில்லை. கட்டுப்பாடு இருக்கிறதே, அவனும் வாயைத் திறக்கவில்லை, ஆனால் கஞ்சிச் செம்பு கொண்டுவரும்போது அவன் நடை வேறு மாதிரி இருந்தது, பார்க்கிறவன் எல்லாம் அவனைப் பார்த்துச் சிரிக்கிறான், அவனும் சிரிக்கிறான். மூன்றாம் நாள், வீட்டுக்குப் போகலாம் என்று சீட்டு எழுதிக்கொடுத்தபோது, அவள் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து, தரையைப் பார்த்துக்கொண்டு கேட்டாள்.

"எங்க போனேன்?"

"மொதல்ல வேலாயுதம் கடைக்கு."

அவள் கண்ணை இறுக்க மூடினாள்.

"ஜாக்கெட்ட வாங்கிட்டு வந்துட்ட. பொறவு நம்ம கடைக்கு வந்து உக்காந்து டீ கேட்ட."

அவள் ஒரு கண்ணை மட்டும் திறந்தாள். "யாரு போட்டா?"

"நாந்தான்."

"நல்லா இருந்துச்சாமா?"

"பாகு மாதிரி இருக்கு, மணமே இல்லன்ன. ஆனா இன்னொண்ணு கேட்ட. போடுததுக்குள்ள போயிட்ட."

அவள் வயிற்றில் போட்டிருந்த நாலு தையலையும் கையால் அணைத்துக்கொண்டு, சிரிக்கக் கூடாது என்று சிரித்தாள்.

கேட்டுக்கு வந்தபோது, வேலை முடிந்து டாக்டரம்மாவும் பின்னால் வந்துகொண்டிருந்தார்கள். செல்லக்கனி புது ஜாக்கெட் போட்டிருந்தாள், மூக்குத்தி மூக்குக்கு வந்திருந்தது. ரோட்டைத் தாண்டினாள், கடையில் ஏறினாள், அடுப்படிக்குப் போகாமல் நேரே அந்தப் பெஞ்சில் போய் உட்கார்ந்தாள். மெகருன்னிசா கேட்டிலேயே நின்றுவிட்டார்கள். ஆறு வருசமாகத் தூங்கவைத்தவர்களில் ஒருத்தி எங்கே போனாள் என்பதை, அன்றைக்குத்தான் அந்த அம்மா கண்ணால் பார்த்தார்கள்.

"டாக்டரம்மா, ஏன் அங்கேயே நிக்கீக? வாங்க, இங்க எடம் இருக்கு" என்று கூப்பிட்டு, செல்லக்கனி பெஞ்சில் தள்ளி உட்கார்ந்துகொண்டு, அடுப்படிப் பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தாள்.

"ஏங்க, நான் கேட்ட ரெண்டாவது டீ என்னாச்சு? டாக்டரம்மாவுக்கும் சேத்துப் போடுங்க. சீனிய மட்டும் அன்னைக்கு மாதிரியே போடுங்க."